இடம் மாறிய பியூஸ்

வேலணைத் தீவின் சரவணையில் பொன்னுத்துரை சிவகரன் வீடு எது என்று கேட்டால் ஆட்கள் யோசிப்பார்கள். அரியநாயகத்தாரின் ஜீப் ஓடுகிற சிவகரன் என்று கேட்டால் உடனே கையைக் காட்டுவார்கள். பதினொரு வருடம் அப்படித்தான் இருந்தது. இப்போது அவர் தண்ணீர் ஏற்றுகிற பவுசர் லொறி ஓடுகிறார். ஏன் அப்படி ஆனது என்று ஊரில் நாலு விதமாகக் கதைக்கிறார்கள். நான் இங்கே எழுதுவது அவர் தன் வாயாலேயே எனக்குச் சொன்னது. தன் பக்கத்து நியாயம் என்று சொல்லக்கூடியவற்றையும் அவர் நியாயமாகச் சொல்லவில்லை.

பத்து வயதில் தீவை விட்டு இடம்பெயர்ந்து வன்னியில் வளர்ந்தவர் சிவகரன். அங்கே ஒரு நெல் ஆலையின் உழவு இயந்திரத்தில்தான் ஓட்டப் பழகினார். 2011இல் திரும்பி வந்தபோது அப்பாவின் வளவில் வீட்டின் அத்திவாரம் மட்டும் மிஞ்சியிருந்தது. அதன் மேல் இரண்டு அறையைக் கட்டிக்கொண்டு கோசலாவைக் கலியாணம் செய்தார். அந்த நேரத்தில்தான் அரியநாயகத்தார் மாத்தளையில் நாற்பது வருடமாக நடத்திய கடையை விற்றுவிட்டு ஊருக்கு வந்தார். மனைவி இறந்துவிட்டார், பிள்ளைகள் கனடாவில். வாகனம் வாங்கும் வசதி அவருக்கு இருந்தது, ஓட்டுவதற்குக் கண் இடம் கொடுக்கவில்லை. ஆகவே சிவகரனைக் கூப்பிட்டார்.

வாகனம் வெள்ளை நிறம், டீசல், கையால் கியர் போடுகிற பழைய எஸ்.யு.வி. ஊரில் எல்லோருக்கும் அது ஜீப்தான். ஜப்பானில் ஓடிக் களைத்த பிறகு கப்பலேறி வந்தது. ஓட்டுபவரின் வலது முழங்காலுக்கு மேலே ஒரு சின்ன மூடி, அதைத் திறந்தால் பியூஸ்கள் வரிசையாக இருக்கும். எந்தப் பியூஸ் எதற்கு என்று மூடியின் உட்பக்கத்தில் அச்சடித்திருந்தார்கள், ஆனால் அத்தனையும் ஜப்பானிய எழுத்து. சிவகரன் ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுவதும் உட்கார்ந்து ஒவ்வொன்றாகக் கழற்றி, எது வேலை செய்யாமல் நிற்கிறது என்று பார்த்தார். ஹோர்ன், வைப்பர், சிக்னல், பிறேக் லைற், சிகரெட் பற்றவைக்கிற துளை என்று ஒரு மட்டையில் தமிழில் எழுதி மூடிக்குள் ஒட்டினார். அந்த மட்டையைப் பற்றி அரியநாயகத்தாருக்குப் பெருமை. வருகிறவர்களுக்கெல்லாம் திறந்து காட்டுவார்.

சிவகரன் கவனத்துக்குப் பெயர்போனவர். பிரசவத்துக்குப் போகிற பெண்களை அவரோடுதான் அனுப்புவார்கள். ஜீப் நிறுத்துகிற கொட்டகையின் பின்சுவர் வெள்ளை அடித்தது. பின்நேரம் பின்பக்கமாக உள்ளே விட்டு, பிறேக்கை மிதித்து, கண்ணாடியில் சுவரைப் பார்ப்பார். பிறேக் லைற்றில் சுவர் சிவந்தால்தான் இறங்குவார். இதெல்லாம் யாரும் சொல்லிச் செய்ததல்ல.

2024 ஆவணியில் அரியநாயகத்தாரின் மகள் கம்சிகா, கணவனோடும் பத்து மாதக் குழந்தையோடும் கனடாவிலிருந்து வந்தாள். வந்த முதல் கிழமையே நயினாதீவு அம்மன் கோயிலுக்குப் போவதென்று முடிவானது. விடிந்தும் விடியாமலும் அரியநாயகத்தாரும் சேர்ந்து புறப்பட்டார்கள். குறிகட்டுவான் துறையில் முதல் வள்ளத்தைப் பிடித்தால் வெயிலுக்கு முன் திரும்பிவிடலாம் என்பது திட்டம். முன்னுக்கு இருக்கிற சிகரெட் துளையில் கம்சிகா மூன்று கிளையாகப் பிரிகிற பிளக் ஒன்றைச் செருகி, அதில் இரண்டு போன்களையும் குழந்தையின் பால் சூடாக்குகிற போத்தலையும் கொழுவியிருந்தாள். வேலணையைத் தாண்டியதும் மூன்றும் ஒன்றாக நின்றுபோயின. குழந்தை பசிக்கு அழத் தொடங்கியது. பால் குளிர்ந்துபோய் இருந்தது.

சிவகரன் ஓரமாக ஒரு பூவரசின் கீழ் நிறுத்தினார். கதவைத் திறந்து வெளியே குந்தி, மூடியைக் கழற்றி, போன் வெளிச்சத்தில் பார்த்தார். மட்டையைப் பார்க்க வேண்டிய தேவையே இல்லை, எல்லாம் மனப்பாடம். சிகரெட் துளையின் பியூஸை நகத்தால் நெம்பி எடுத்து வானத்துக்குப் பிடித்தார். நீல நிறப் பிளாஸ்டிக்கின் உள்ளே இருக்கிற கம்பி நடுவில் அறுந்து, இரண்டு நுனியும் கரியாக இருந்தது. பியூஸில் நிறம்தான் கணக்கு. நீலமென்றால் பதினைந்து அம்பியர். பதினைந்துக்குப் பதினைந்துதான் போட வேண்டும். கூட்டிப் போட்டால் பியூஸுக்குப் பதிலாக வயர் எரியும்.

மூடிக்குள் மேலதிகமாக இரண்டு பியூஸ் வைக்க இடம் உண்டு. இரண்டும் வெறுமையாக இருந்தன. ஒன்றைப் பங்குனியில் றேடியோவுக்குப் போட்டார். மற்றதை ஒரு வான்காரருக்குக் கொடுத்தார். திரும்ப வாங்கி வைக்க வேண்டும் என்று நினைத்தவர் வைக்கவில்லை. அந்த நேரத்தில் எந்தக் கடையும் திறந்திருக்காது.

பெட்டியில் இன்னும் மூன்று நீலம் இருந்தன. ஒன்று ஹோர்ன், ஒன்று சிக்னல், ஒன்று பிறேக் லைற். இந்த இடத்தைச் சொல்லும்போது சிவகரன் என் முகத்தைப் பார்க்கவில்லை. ஹோர்னைக் கழற்றினால் றோட்டில் மாடு நிற்கும்போது அரியநாயகத்தாருக்குத் தெரிந்துவிடும். சிக்னலைக் கழற்றினால் டக் டக் என்ற சத்தம் வராது, அதுவும் தெரியும். பிறேக் லைற் பின்பக்கம் இருப்பது, வாகனத்துக்குள் இருக்கிற எவருக்கும் தெரியாது. இவ்வளவையும் அவர் ஒரு நிமிடத்துக்குள் யோசித்தார். பிறகு பிறேக் லைற்றின் பியூஸை எடுத்துச் சிகரெட் துளைக்குப் போட்டார். போத்தலில் சின்ன விளக்கு எரிந்தது. கம்சிகா, இந்த மாதிரி ஒரு ஆளை கனடாவில் காசு கொடுத்தாலும் பிடிக்க ஏலாது என்று தகப்பனிடம் சொன்னாள்.

குறிகட்டுவானில் அவர்கள் வள்ளமேறிப் போன பிறகு சிவகரனுக்கு மூன்று மணித்தியாலம் கையில் இருந்தது. பியூஸைத் திரும்பப் பழைய இடத்தில் போட்டிருக்கலாம். வரும்போது அவர்களுக்குப் போன் சார்ஜ் வேண்டுமே என்று விட்டுவிட்டார். அடுத்த நாள் யாழ்ப்பாணத்துக்குப் போனார்கள். உதிரிப்பாகக் கடை வாசல் வரைக்கும் போனார். அதற்குள் கம்சிகாவின் அழைப்பு வந்தது, புடவைக் கடை வாசலில் குழந்தையோடு வெயிலில் நிற்கிறோம் என்று. திரும்பிவிட்டார். மறந்துபோனேன் என்று சொன்னால் பாதிப் பொய் என்றார் என்னிடம். அன்று பின்நேரம் ஜீப்பைக் கொட்டகைக்குள் முன்பக்கமாக விட்டார். ஏன் இன்றைக்கு இப்படி என்று அரியநாயகத்தார் கேட்டபோது, குழந்தையை இறக்கச் சுகம் என்றார். உண்மையில் அந்த வெள்ளைச் சுவர் சிவக்காமல் இருப்பதைப் பார்க்க அவருக்கு விருப்பமில்லை.

மூன்றாம் நாளும் யாழ்ப்பாணம். நாலு மணியளவில் திரும்பி வந்தார்கள். பண்ணைப் பாலமும் அல்லைப்பிட்டியும் கழிந்து மண்கும்பானில் வரும்போது, இடது பக்கப் பற்றைக்குள்ளிருந்து இரண்டு மாடுகள் றோட்டில் ஏறின. சிவகரன் வேகமாகப் போகவில்லை. பிறேக்கை அழுத்தி மிதித்தார். ஜீப் மாட்டுக்கு ஆறடி முன்னால் நின்றது. அடுத்த கணம் பின்னால் தகரம் நெரிகிற சத்தம்.

ஒரு ஸ்கூட்டி ஜீப்பின் பின் பம்பரில் மோதி விழுந்து கிடந்தது. அதில் வந்த பெண் றோட்டோரம் மணலில் எழுந்து உட்கார்ந்திருந்தாள். தலைக்கவசம் காப்பாற்றியிருந்தது. வலது மணிக்கட்டு மட்டும் பார்க்கக் கூடாத கோணத்தில் திரும்பியிருந்தது. பெயர் ஜெனீற்றா, ஊர்காவற்றுறை, வயது இருபத்தொன்பது. யாழ்ப்பாணத்தில் ஒரு தனியார் ஆய்வுகூடத்தில் நோயாளிகளுக்கு இரத்தம் எடுக்கிற வேலை. வேலை முடிந்து வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தாள்.

பக்கத்துக் கடைக்காரர் பிரசாந்தன் ஓடி வந்தார். இன்னும் ஏழெட்டுப் பேர் சேர்ந்தார்கள். பொம்பிளைப் பிள்ளைகள் போனைப் பார்த்துக்கொண்டு ஓட்டுவது என்று யாரோ தொடங்கினார்கள். ஜெனீற்றா வலியைக் கடித்துக்கொண்டு அவர்களைப் பார்த்துச் சொன்னாள்.

"போன் பையுக்குள்ள கிடக்கு. நான் முன்னுக்குப் பாத்துக்கொண்டுதான் வந்தனான். ஜீப்புக்குப் பின்னால சிவப்பு லைற் எரியேல்லை."

 சிவகரன் தண்ணீர்ப் போத்தல் எடுக்கப் போவதாகச் சொல்லிவிட்டு ஓட்டுபவர் பக்கக் கதவைத் திறந்து உள்ளே குனிந்தார். மூடியைத் தட்டிக் கழற்றி, சிகரெட் துளையின் நீலப் பியூஸைப் பிடுங்கி, பிறேக் லைற்றின் இடத்தில் அழுத்தினார். கை அவரைக் கேட்காமலே செய்ததுபோல இருந்தது என்றார். பிறகு உடனேயே, இல்லை, கேட்டுத்தான் செய்தது என்று திருத்தினார். பத்து விநாடிகூட எடுக்கவில்லை. தண்ணீர்ப் போத்தலோடு வெளியே வந்தார்.

பிரசாந்தன் நியாயமான ஆள். பெண் பிள்ளை சொல்வதையும் பார்த்துவிடுவோம் என்று நினைத்து அவர் சொன்னார்: "அண்ணை, ஏறி ஒருக்காப் பிறேக்கை மிதியுங்கோ பாப்பம்."

சிவகரன் ஏறி மிதித்தார். பின்னால் இரண்டு பக்கமும் சிவப்பாக எரிந்தது. கூட்டம் ஜெனீற்றாவைத் திரும்பிப் பார்த்தது. அவள் அந்த வெளிச்சத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண்ணாடியில் அவளுடைய முகம் சிவகரனுக்குத் தெரிந்தது.  பிறகு மெல்லச் சொன்னாள்.

"அப்ப நான்தான் கவனிக்கேல்லைப் போல. மன்னிச்சுக்கொள்ளுங்கோ அண்ணை."

அவளை அதே ஜீப்பில் ஏற்றி யாழ்ப்பாணம் ஆஸ்பத்திரிக்குத் திரும்பிக் கொண்டுபோனவர் சிவகரன்தான். வழியில் கம்சிகா தன் போன் சார்ஜ் ஏறவில்லை என்று சொன்னாள். இடித்ததில் ஏதாவது கழன்றிருக்கும் என்றார் சிவகரன். யாரும் அதைப் பெரிதாக எடுக்கவில்லை. 

பொலிசில் பதிந்தார்கள். பின்னால் வந்தவர் போதிய இடைவெளி விடவில்லை என்று எழுதினார்கள். சிவகரனும், ஜீப்பின் சொந்தக்காரராக அரியநாயகத்தாரும் கையெழுத்துப் போட்டார்கள். ஜெனீற்றா இடது கையால் கிறுக்கியதுபோல ஒன்று போட்டாள். அரியநாயகத்தார், பிள்ளை பாவம், வழக்கு ஒன்றும் வேண்டாம் என்று பெருந்தன்மையாகச் சொன்னார். ஊரில் அரியநாயகத்தாரையும் சிவகரனையும் புகழ்ந்தார்கள். பிழை அவளிடம் இருந்தும் சொந்தப் பிள்ளையைப் போலத் தூக்கிக்கொண்டு போனார்களாம். கோயிலில் ஒருவர் சிவகரனின் தோளில் தட்டி, உன்னைப் போல நாலு பேர் இருந்தால் போதுமடா என்றார். சிவகரன் அந்தப் பக்கம் போவதை விட்டுவிட்டார்.

விபத்துக்கு அடுத்த நாளே ஒரு பெட்டி பியூஸ் வாங்கினார். எல்லா நிறத்திலும் இருந்தது. மேலதிக இடம் இரண்டையும் நிரப்பினார், சிகரெட் துளைக்கும் புதியதைப் போட்டார். ஜீப்பில் இப்போது ஒரு குறையும் இல்லை. கம்சிகா குடும்பம் கனடாவுக்குத் திரும்பிப் போனது. விமானநிலையத்தில் இறங்கும்போது கம்சிகா சிவகரனுடைய மகளுக்கென்று ஒரு பை நிறைய உடுப்புக் கொடுத்தாள். அவர் அதை வீட்டில் திறக்காமல் அலுமாரிக்கு மேலே வைத்தார். 

விபத்து நடந்த பதினெட்டாம் நாள், ஒரு சனிக்கிழமை காலை, சிவகரன் வீட்டுப் படலையில் ஒரு அம்மா வந்து நின்றார். கையில் பனையோலைப் பை. ஜெனீற்றாவின் தாய் கத்தரீனா. ஊர்காவற்றுறையிலிருந்து பஸ் எடுத்து, சந்தியில் இறங்கி, விசாரித்து நடந்து வந்திருந்தார். பையில் உயிர் நண்டு. அன்றைக்கு மகளை ஏற்றிக்கொண்டு ஓடியதற்கு ஒரு நன்றி சொல்லக்கூட வரவில்லையே என்று மனம் கேட்கவில்லையாம்.

கோசலா கதிரை போட்டுத் தேத்தண்ணி கொடுத்தார். கத்தரீனா மகளைப் பற்றிச் சொன்னார். கை கட்டுப் போட்டபடி, இன்னும் நாலு கிழமை போக வேண்டும். வேலை செய்கிற இடத்தில் கூப்பிடுகிறார்கள், ஆனால் அவள் இனி இரத்தம் எடுக்க மாட்டேன் என்கிறாள். காரணம் கை அல்ல, கண்.

"கண் டொக்டரிட்டையும் காட்டினனாங்கள் தம்பி. ஒரு பிழையும் இல்லையாம். அப்ப என்ர மூளையிலதான் பிழை எண்டு சொல்லுறாள். எரிஞ்ச லைற்றை எரியேல்லை எண்டு கண்டவள், நாளைக்கு ஒரு ஆளின்ர நரம்பைச் சரியாக் காணுவன் எண்டு என்ன நிச்சயம் எண்டு கேக்கிறாள். நான் என்னத்தைச் சொல்லுறது?"

 உண்மையைச் சொல்லியிருக்க வேண்டிய நேரம் அதுதான், தாயே எதிரில் இருக்கிறார். சிவகரன் எழுந்து கிணற்றடிக்குப் போய், கத்தரீனா போகும் வரைக்கும் முகம் கழுவிக்கொண்டு நின்றார்.

மத்தியானம் கோசலா நண்டுக் கறி வைத்தார். சிவகரன் சோற்றுக் கோப்பைக்கு முன்னால் இருந்து கையை நனைக்கவில்லை. உடம்பு சரியில்லையோ என்று கோசலா கேட்டார். மகள் அடுத்த அறையில் படித்துக்கொண்டிருந்தாள். சிவகரன் குரலைத் தாழ்த்தி, பூவரசின் கீழ் நிறுத்தியதிலிருந்து எல்லாவற்றையும் சொன்னார். கம்சிகாவின் குழந்தை அழுததை இரண்டு தரம் சொன்னார். இரண்டாம் தரம் சொல்லும்போது கோசலா இடைமறித்தார்.

"பிள்ளை அழுததுக்குக் கழட்டினீங்கள், சரி. அது அவசரம். பிறகு வைக்காமல் விட்டது பஞ்சி, சோம்பல். அந்தப் பிள்ளை கை முறிஞ்சு மணலுக்குள்ள இருக்கேக்குள்ள கொண்டுபோய்த் திரும்பப் போட்டீங்களே, அது என்ன?"

 கோசலா கறிச் சட்டியை மூடி வைத்தார். அவரும் சாப்பிடவில்லை.

அன்று பின்நேரமே சிவகரன் மோட்டார் சைக்கிளில் ஊர்காவற்றுறைக்குப் போனார். ஜீப்பில் போக மனம் வரவில்லை. தேவாலயத்துக்குப் பின்னால் ஒரு ஒழுங்கையில் வீடு. ஜெனீற்றா விறாந்தையில் இருந்தாள், கை கழுத்தில் தொங்கியது. அண்ணை வாங்கோ என்று எழுந்தாள். இருக்கச் சொன்னாள். அவர் இருக்கவில்லை.

"தங்கச்சி, அண்டைக்கு லைற் எரியேல்லை. நீங்கள் கண்டது சரி. அதின்ர பியூஸை நான் அதுக்கு ரெண்டு நாளைக்கு முன்னம் கழட்டி வேற இடத்தில போட்டனான். நீங்கள் விழுந்த பிறகுதான் திரும்பப் போட்டனான். எல்லாரும் பாக்கிறதுக்கு முன்னம்."

கத்தரீனா குசினி வாசலில் வந்து நின்றார்.  ஜெனீற்றா திட்டுவாள், அழுவாள் என்று சிவகரன் எதிர்பார்த்துக்கொண்டு நின்றார். அவள் கேட்டது வேறு.

"எரியவே இல்லையோ? கொஞ்சமும்?"

"கொஞ்சமும் இல்லை."

"எனக்குக் காட்டுவீங்களோ?"

அவருக்கு முதலில் விளங்கவில்லை. அவள் விளக்கினாள். அந்த ஜீப்பைக் கொண்டுவர வேண்டும், பியூஸைக் கழற்றிப்போட்டு மிதிக்க வேண்டும், அவள் பின்னால் நின்று பார்க்க வேண்டும். நாளைக்கு நாலு மணிக்கு வாங்கோ, அன்றைக்கும் அந்த நேரம்தான் என்றாள்.

ஜீப்பைக் கொண்டுவருவதென்றால் அரியநாயகத்தாருக்குச் சொல்ல வேண்டும். அடுத்த நாள் காலை போய்ச் சொன்னார். பெரியவர் சாய்மனைக் கதிரையில் இருந்தபடி முழுவதையும் கேட்டார். முடிவில் மூடிக்குள் ஒட்டிய மட்டையைப் பற்றித்தான் முதலில் கதைத்தார். எத்தனை பேருக்குத் திறந்து காட்டியிருப்பேன் என்றார். பிறகு, "பொலிசில நானும் கையெழுத்துப் போட்டனான். எழுபத்தாறு வயதில என்னைப் பொய்க்காரன் ஆக்கிப்போட்டீர்" என்றார். குரல் உயரவில்லை. நாலு மணிக்கு நானும் வருகிறேன் என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். பதினொரு வருடத்தில் அந்த வீட்டிலிருந்து தேத்தண்ணி குடிக்காமல் சிவகரன் இறங்கியது அன்றுதான்.

ஒழுங்கையில் ஜீப்பை நிறுத்தியபோது நாலுக்கு ஐந்து நிமிடம் இருந்தது. அரியநாயகத்தார் முன் இருக்கையை விட்டு இறங்கவில்லை. சிவகரன் குந்தி மூடியைத் திறந்தார். ஜெனீற்றா கிட்ட வந்து, நான் கழற்றுகிறேன் என்றாள். எது என்று விரலால் காட்டினார். ஒட்டியிருந்த மட்டையையும் அவள் வாசித்தாள். இடது கையின் இரண்டு விரலால் அந்த நீலத்தைப் பிடித்து, ஆட்டாமல் நேராக இழுத்தாள். பழக்கமில்லாத கைக்கு அது சுலபமில்லை, ஆனால் ஒரே இழுவையில் வந்தது. அதை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு பின்னால் போனாள்.

"மிதியுங்கோ."

மிதித்தார்.

"மிதிச்சிட்டீங்களோ?"

"ஓம். மிதிச்சபடிதான் இருக்கிறன்."

அவள் ஜீப்பின் பின்பக்கத்தைப் பார்த்தபடி நின்றாள். கண்ணாடியில் அவளைப் பார்க்கச் சிவகரனுக்கு ஏலாமல் இருந்தது, ஆனாலும் பார்த்தார். பிறகு அவள் வந்து, பியூஸைத் தானே போட்டுவிட்டுத் திரும்பவும் போனாள். மிதித்தார், எரிந்தது. இப்படி மூன்று தரம். ஒழுங்கையில் இரண்டு வீட்டார் வெளியே வந்து என்ன நடக்கிறது என்று பார்த்தார்கள். மூன்றாம் தரம் எரிந்தபோது அவள் மதிலில் சாய்ந்து, நல்ல கையால் முகத்தை மூடிக்கொண்டாள். கத்தரீனா போய்ப் பிடித்தார். அழுகிறாள் என்று சிவகரனுக்குத் தெரிந்தது. பிறேக்கிலிருந்து காலை எடுக்க அவருக்குத் தோன்றவில்லை. அவள் முகத்தை மூடியிருந்த நேரமெல்லாம் அது எரிந்துகொண்டே இருந்தது.

அவர் இறங்கி வந்து மன்னிப்புக் கேட்டார். ஜெனீற்றா கண்ணைத் துடைத்துக்கொண்டு, அதற்கு இப்போது என்னிடம் பதில் இல்லை அண்ணை என்றாள். பிறகு சொன்னாள்: "அண்டைக்கு அங்க நிண்ட எல்லாருக்கும் நீங்கள் சொல்லோணும். நான் போய்ச் சொன்னால் நம்பமாட்டினம்."

பொலிசுக்குப் போவது சிவகரனுக்கு அவ்வளவு கஷ்டமாக இருக்கவில்லை. அங்கே எழுதியதைத் திருத்தி எழுதினார்கள், வழக்குப் போட்டார்கள், நீதிமன்றத்தில் குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டம் கட்டினார். கஷ்டமாக இருந்தது மண்கும்பான் கடைதான். பின்நேரம், ஆட்கள் கூடுகிற நேரமாகப் பார்த்துப் போனார். பிரசாந்தன் சோடா எடுக்கப் போனார். வேண்டாம் என்று சொல்லிவிட்டு, வாசலில் நின்றபடியே சொன்னார். கடையில் ஐந்து பேர் இருந்தார்கள். இரண்டு பேர் அன்றைக்கும் நின்றவர்கள்.

பிரசாந்தன் கொஞ்சநேரம் தராசைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, அந்தப் பிள்ளையை நம்பாமல் விட்டது எனக்கு இப்ப வந்து நிற்குது அண்ணை என்றார். மற்ற ஒருவர், சரி விடுங்கோ, ஆர்தான் பிழை விடேல்லை, நீங்கள் ஒரு பியூஸைத்தானே மாத்தினீங்கள் என்று சமாதானம் சொன்னார். சிவகரனுக்கு அந்தச் சமாதானம் தாங்கவில்லை. பியூஸை மாற்றியதைச் சொல்ல நான் வரவில்லை என்றார். மோட்டார் சைக்கிளை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

அரியநாயகத்தார் அவரை வேலையிலிருந்து நிறுத்தவில்லை. ஜீப்பின் திறப்பைத் திரும்பக் கொடுத்தவர் சிவகரன்தான். பெரியவர் அதை வாங்கி மேசையில் வைத்தார், வைத்திரும் என்று சொல்லவில்லை. இரண்டு மாதம் கழித்துப் பிரதேசத்துக்குத் தண்ணீர் கொண்டுபோகிற பவுசர் ஒன்றுக்கு ஆள் தேடினார்கள். சிவகரன் போனார். வேலை கேட்கும்போதே வழக்கைப் பற்றிச் சொன்னார். அவர்களுக்கு அது முன்பே தெரிந்திருந்தது.

ஜெனீற்றாவின் கட்டை அவிழ்த்த பிறகும் மணிக்கட்டு முழுதாக மடங்கவில்லை. தையில் வேலைக்குத் திரும்பினாள். இரத்தம் எடுக்கிறாள், முன்னைவிடக் கொஞ்சம் மெதுவாக. இதைச் சிவகரனுக்குச் சொன்னவர் கத்தரீனா. சந்தையில் கண்டால் அவர் ஓரிரண்டு வார்த்தை பேசுவார். நண்டு கொண்டுவருவதில்லை.

இப்போது சிவகரனைப் பற்றி ஊரில் கதைக்கிறவர்களில் பாதிப் பேர், சொல்லாமல் விட்டிருந்தால் ஒருவருக்கும் தெரிந்திராது, நேர்மையான மனிசன் என்கிறார்கள். அதைக் கேட்கும்போதுதான் தனக்கு ஆகக் கூடுதலாகக் கூசுகிறது என்றார் அவர். பதினெட்டு நாள் மறைத்து வைத்திருந்தேன் என்றார். கத்தரீனா அந்தச் சனிக்கிழமை பஸ் ஏறி வராமல் விட்டிருந்தால் அது பதினெட்டு வருடமாகவும் போயிருக்கும், அதையும் எழுதும் என்றார்.

போன மாதம் ஒரு பின்நேரம், வெறும் பவுசரோடு மண்கும்பானால் வந்துகொண்டிருந்தார். கண்ணாடியில் ஒரு ஸ்கூட்டி தெரிந்தது. தலைக்கவசத்தைப் பார்த்தே ஜெனீற்றா என்று தெரிந்தது. றோட்டு வெறுமையாக இருந்தது, முந்திப் போக இடம் தாராளம். அவள் முந்தவில்லை. கிட்ட வரவும் இல்லை. ஒரு நூறு யார் தூரம் விட்டு, அந்தத் தூரத்தைக் குறைக்காமல் வந்துகொண்டிருந்தாள். சிவகரன் வேகத்தைக் குறைத்தார், அவளும் குறைத்தாள். கடைசியில் அவர் இடது சிக்னலைப் போட்டு, பவுசரை முழுதாக றோட்டை விட்டு இறக்கி, எஞ்சினை நிறுத்தினார். அவள் கடந்து போனாள். திரும்பிப் பார்க்கவில்லை. அவள் வேலணைப் பக்கம் மறையும் வரைக்கும் அவர் அங்கேயே இருந்தார். பிறகு இறங்கி, பவுசரின் பின்பக்கம் போய் நின்று, தன்னால் தனியாக ஒரே நேரத்தில் பிறேக்கை மிதிக்கவும் லைற்றைப் பார்க்கவும் ஏலாது என்பது ஞாபகம் வந்து, திரும்பி ஏறினார்.